விடுதலைத் தீர்ப்பு வந்தாலும் சம்பள பாக்கி தானாக வராது

கேஸில் விடுதலையாகிவிட்டால் விட்டுப்போன சம்பளம் மொத்தமும் கைக்கு வந்துவிடும் என்று எங்கள் பக்கத்தில் எல்லாரும் நம்புகிறார்கள். ராமநாதபுரம் கோர்ட்டு வாசலில் கேட்டாலும் அதைத்தான் சொல்வார்கள், தேவிபட்டினம் டீக்கடையில் கேட்டாலும் அதைத்தான் சொல்வார்கள். எங்கள் குடும்பத்திலேயே இரண்டு பேர் அரசு ஊழியர்கள். நானும் என் மச்சினனும். இரண்டு பேர் மேலும் வழக்கு வந்தது, இரண்டு பேரும் சஸ்பெண்ட் ஆனோம், இரண்டு பேரும் விடுதலையானோம். எனக்கு முழுச் சம்பள பாக்கியும் வந்தது. அவனுக்கு அந்தக் காலம் விடுப்பாகக் கழிந்தது. விதி ஒன்றுதான். எதற்காக வழக்கு வந்தது, எப்படி விடுதலையானோம் என்ற இரண்டில்தான் வித்தியாசம். அதைத்தான் எழுதப் போகிறேன். நான் வக்கீல் இல்லை. அமைச்சுப் பணியில் இருந்த ஆள், கோப்பு படிக்கத் தெரியும், அவ்வளவுதான்.

நான் வேலை பார்த்த துறையின் பெயர் இங்கே வேண்டாம். கடலோர ஊர்களுக்குப் புயல், மழை நேரத்தில் தார்ப்பாய், அரிசி, பாத்திரம் போன்றவை போய்ச் சேருவதற்கு முன் எங்கள் கிடங்கில் இறங்கும். அந்தக் கிடங்கின் இருப்புப் பதிவேடு என் பொறுப்பில் இருந்தது. தணிக்கையில் இருப்பு குறைகிறது என்று எழுதினார்கள். அலுவலகமே போலீசில் புகார் கொடுத்தது. இந்திய தண்டனைச் சட்டம் 409, அதாவது அரசு ஊழியர் செய்த நம்பிக்கை மோசடி. கூடவே கணக்கைத் திருத்தியதாக 477-ஏ. (2024 ஜூலை 1 முதல் நடந்த குற்றங்களுக்கான வழக்குகளில் இந்த 409-க்குப் பதிலாக பாரதிய நியாய சன்ஹிதாவின் 316(5) இருக்கும்.) வெள்ளிக்கிழமை சாயங்காலம் கைது. எங்கள் ஊரில் வெள்ளிக்கிழமைக் கைது என்றாலே அர்த்தம் தெரியும், சனி ஞாயிறு உள்ளேதான்.

அந்த இரண்டு நாள்தான் முக்கியம். தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் 17(இ) என்று ஒன்று இருக்கிறது. அரசு ஊழியர் 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால், யாரும் தனியாக முடிவெடுக்கத் தேவையில்லை, கைதான நாளிலிருந்தே சஸ்பெண்ட் ஆனதாகத்தான் கணக்கு. வழக்கு பொய்யா மெய்யா என்று அந்த விதி பார்ப்பதில்லை. முன்ஜாமீன் என்பதைப் பணக்காரர்கள் சமாச்சாரம் என்று நினைக்கிறோம். புகார் போயிருக்கிறது என்று காதில் விழுந்த அன்றே அதற்கு ஏற்பாடு செய்வது அரசு ஊழியருக்கு வேலையைக் காப்பாற்றுகிற காரியம்.

சஸ்பெண்டில் இருப்பவருக்குச் சம்பளம் கிடையாது, பிழைப்பூதியம் உண்டு. அரசு ஊழியரின் சம்பளம், விடுப்பு பற்றிய விதித் தொகுப்பில் இருக்கிற அடிப்படை விதி 53. தொடக்கத்தில் அரைச் சம்பள விடுப்பில் என்ன கிடைக்குமோ அதுவும், அதற்குரிய அகவிலைப்படியும் கிடைக்கும். தாமதம் நம்மால் இல்லை என்றால் பிறகு முக்கால் பங்கு வரை கூட்டலாம். கூட்டலாம் என்றுதான் விதி சொல்கிறது, தானாகக் கூடாது. மனு கொடுத்துக் கேட்க வேண்டும். மாதாமாதம் ‘வேறு எந்த வேலையிலோ தொழிலிலோ ஈடுபடவில்லை’ என்று சான்று எழுதிக் கொடுத்தால்தான் பட்டியல் கருவூலம் போகும். அந்தச் சான்றின் நகல் ஒவ்வொன்றையும் தேதி முத்திரையோடு வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். பல வருடம் கழித்து பாக்கிக் கணக்கு போடும்போது, ‘இந்த மூன்று மாதம் சான்று இல்லையே’ என்று ஒருவர் கேட்பார். எங்கள் வீட்டில் கருவாடு வாங்கிப் பரமக்குடிச் சந்தைக்கு அனுப்பும் சின்ன வியாபாரம் உண்டு. அது என் மனைவி பெயரில், அவள் அப்பா காலத்திலிருந்து நடப்பது. நான் மூட்டை தூக்கினால்கூட ஒரு மொட்டைக் கடிதாசி போதும் என்பதால் அந்தக் காலம் முழுக்கக் கொட்டகைப் பக்கமே போகவில்லை. அதே போல் தலைமையிடத்தை விட்டு வெளியே போகவும் அனுமதி கேட்க வேண்டும். மதுரைக்கு ஆஸ்பத்திரி போவதற்கும் எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் போனேன். அலுவலகத்தில் சிரித்தார்கள். சிரிக்கட்டும்.

பிழைப்பூதியத்தையே நிறுத்தி வைக்கிற அலுவலகங்களும் உண்டு. அதைக் கெஞ்சிக் கேட்க வேண்டியதில்லை. பிழைப்பூதியம் கொடுக்காமல் நடத்திய துறை விசாரணையை உச்ச நீதிமன்றம் செல்லாது என்று 1973-லேயே சொல்லியிருக்கிறது. சாப்பாட்டுக்கு வழியில்லாதவன் எப்படி விசாரணைக்கு வந்து தன் பக்க நியாயத்தைச் சொல்வான் என்பதுதான் அதன் அடிப்படை.

பலர் இங்கே கோட்டை விடுகிறார்கள். வழக்கு முடியட்டும், அப்புறம் வேலைக்குப் போகலாம் என்று உட்கார்ந்துவிடுகிறார்கள். வழக்கு முடிய எத்தனை வருடம் ஆகும் என்று யாருக்கும் தெரியாது. வேலை பார்க்காத ஒவ்வொரு மாதமும் பிற்பாடு சண்டை போட்டு வாங்க வேண்டிய மாதம். அதனால் வழக்கு நடக்கும்போதே வேலைக்குத் திரும்பப் பார்க்க வேண்டும். 2015-இல் அஜய் குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம், குற்றச்சாட்டுக் குறிப்பாணையோ குற்றப்பத்திரிகையோ கொடுக்காமல் மூன்று மாதத்துக்கு மேல் ஒருவரை சஸ்பெண்டில் வைக்கக் கூடாது, கொடுத்திருந்தாலும் நீட்டிப்பதற்குக் காரணம் எழுதி உத்தரவு போட வேண்டும் என்றது. சாட்சியைக் கலைப்பார் என்று பயமிருந்தால் வேறு இடத்துக்கு மாற்றிக்கொள்ளலாம் என்றும் அதிலேயே வழி சொல்லியிருக்கிறது. அதன் நகலை இணைத்து மனு போட்டேன். ஒன்றுக்குப் பதில் வரவில்லை, மறுபடியும் போட்டேன். கடைசியில் கிடங்கு, பணம் இரண்டும் கையில் வராத ஒரு இருக்கையில், சாயல்குடி பக்கம் தூக்கிப் போட்டார்கள். போன சம்பளம் போகட்டும், இனிமேல் போகிற சம்பளம் நின்றது.

அந்த உத்தரவின் கடைசி வரியில் ‘தற்காலிகப் பணிநீக்கக் காலம் குறித்துப் பின்னர் ஆணை பிறப்பிக்கப்படும்’ என்று இருந்தது. தற்காலிகப் பணிநீக்கம் என்றால் சஸ்பெண்ட்தான். வேலை திரும்பக் கிடைத்த சந்தோஷத்தில் அந்த வரியை யாரும் படிப்பதில்லை. ஓய்வு பெறப் போகும்போதுதான் ஓய்வூதியக் கருத்துருவில் அந்த ஓட்டை தெரியும்.

துறை விசாரணை தனியாக ஓடியது, 17(பி) குறிப்பாணை, அதாவது பெரிய தண்டனை வரக்கூடிய குற்றச்சாட்டுக் குறிப்பாணை. வழக்கில் இருக்கிற அதே குற்றச்சாட்டு, அதே சாட்சிகள், அதே பதிவேடு. இப்படி இரண்டும் ஒன்றாக இருந்து, கோர்ட்டில் அது நிரூபிக்கப்படாமல் போனால், துறை மட்டும் அதே சாட்சியத்தை வைத்துத் தண்டிப்பது நியாயமில்லை என்று கேப்டன் பால் அந்தோணி வழக்கில் 1999-லும், ஜி.எம்.டாங்க் வழக்கில் 2006-லும் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் இதை எல்லாருக்கும் பொருந்தும் மந்திரமாக நினைக்கக் கூடாது. கோர்ட்டில் சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டும். துறை விசாரணையில் அவ்வளவு தேவையில்லை, நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று தெரிந்தால் போதும். அதனால் விடுதலையான பிறகும் துறை தண்டிக்கலாம். 17(பி) உயிரோடு இருக்கும்வரை சம்பள பாக்கிப் பேச்சே எடுபடாது. முதலில் அதைக் கைவிடவைக்க வேண்டும்.

இனி வழக்கு நடந்த விதம். பாக்கிச் சம்பளத்தின் தலையெழுத்து இங்கேதான் எழுதப்படுகிறது என்பது என் முடிவு.

எனக்கு வாய்த்த வக்கீல் வயதானவர். அரசு தரப்பு சாட்சிகள் ஒவ்வொருவராக ஏறும்போது மற்ற வக்கீல்கள் செய்வதுபோல் இரண்டு கேள்வி கேட்டுவிட்டு உட்காரவில்லை. ‘தம்பி, அவங்க நிரூபிக்காம விட்டதால நீ வெளிய வர்றது வேற. நீ செய்யலைன்னு ஜட்ஜே எழுதி நீ வெளிய வர்றது வேற. நீ சம்பளக்காரன், உனக்கு ரெண்டாவதுதான் வேணும்’ என்றார். கிடங்கிலிருந்து போன தார்ப்பாய்களுக்கு ஊர் வாரியாக ஒப்புதல் சீட்டுகள் இருந்தன. தணிக்கை வந்த நாளில் அவை பதிவேட்டில் ஏறவில்லை, காரணம் மழைக்காலத்தில் இரவோடு இரவாகப் பொருள் போனது. அந்தச் சீட்டுகள் வேறொரு கோப்பில் கிடந்தன. தகவல் உரிமைச் சட்டத்தில் நகல் வாங்கினேன், மூலத்தைக் கோர்ட்டுக்கு வரவழைக்க வக்கீல் மனு போட்டார். எதிரி தரப்பு (கோர்ட்டு மொழியில் எதிரி என்றால் குற்றம் சாட்டப்பட்டவர், அதாவது நான்) சான்றாவணமாக அவை குறியீடு செய்யப்பட்டன. தணிக்கை செய்த அதிகாரியே கூண்டில், ‘இந்தச் சீட்டுகளைச் சேர்த்தால் குறைவு இல்லை’ என்று ஒத்துக்கொண்டார். இதற்கெல்லாம் வாய்தா மேல் வாய்தா ஆனது. நடுவில் 2020-இல் கொரோனாவில் கோர்ட்டு நின்றது வேறு. மனைவியின் நகை கூட்டுறவு வங்கியிலேயே கிடந்தது. சீக்கிரம் முடித்துவிடுங்கள் என்று நான் அவசரப்பட்டபோதெல்லாம் அவர், ‘முடிக்கிறது பெருசில்ல’ என்பார்.

தீர்ப்பு தமிழில் வந்தது. எதிரி பொருள்களைக் கையாடல் செய்ததற்கு எந்த ஆதாரமும் இல்லை, பொருள்கள் உரியவர்களுக்குப் போய்ச் சேர்ந்திருப்பது சான்றாவணங்களால் தெரிகிறது என்று ஒரு பத்தி. அதே தீர்ப்பின் கடைசியில், வழக்கமாக எல்லாத் தீர்ப்பிலும் வருகிற மாதிரி, ‘சந்தேகத்தின் பலனை எதிரிக்கு அளித்து’ என்றும் ஒரு வரி. அந்த ஒரு வரி பின்னால் என்னை மதுரை வரை இழுத்தது.

இப்போது மச்சினன் கதை. அவன் வேறொரு துறையில் ஜீப் ஓட்டுநர். சொந்த ஊர் வாலிநோக்கம் போகிற வழியில். கோயில் திருவிழாவில் முளைப்பாரி ஊர்வலம் எந்தத் தெரு வழியாகப் போவது என்பதில் தகராறு, கம்பு, கல், மண்டை உடைந்தது. இரண்டு பக்கமும் புகார். பட்டியலில் இவன் பெயரும் ஏறிவிட்டது. தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தேன் என்கிறான். நான் அங்கே இல்லை. ரிமாண்ட், 48 மணி நேரம் தாண்டியது, சஸ்பெண்ட். அவன் துறைக்கும் அந்தத் தகராறுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை.

எங்கள் கடலோர ஊர்களில் இந்த மாதிரி வழக்கு எப்படி முடியும் என்று எல்லாருக்கும் தெரியும். இரண்டு மூன்று வருடத்தில் பெரியவர்கள் கூடி உட்காருவார்கள். ஒரே கடலில் வலை விடுகிறவர்கள், ஒருவர் வீட்டுக் கல்யாணத்துக்கு மற்றவர் மொய் வைக்க வேண்டியவர்கள், எத்தனை நாள் முகம் திருப்பிக்கொண்டு திரிவார்கள்? சமாதானம் ஆகும். வழக்கில் சட்டப்படி சமரசம் செய்துகொள்ள முடியாத பிரிவுகளும் இருப்பதால் விசாரணை நடக்கும், சாட்சிகள் ஏறுவார்கள், ‘யார் அடித்தது என்று தெரியாது, இருட்டாக இருந்தது’ என்பார்கள். பிறழ் சாட்சி என்று அறிவிப்பார்கள். எல்லாரும் விடுதலை. அன்று ஊரில் ஆடு வெட்டிச் சோறு போட்டார்கள், நானும் சாப்பிட்டேன். ஊருக்கு அது நல்ல முடிவு, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. கூலிக்குப் போகிறவனுக்கோ கடலுக்குப் போகிறவனுக்கோ அதில் ஒரு நஷ்டமும் இல்லை. அரசுச் சம்பளம் வாங்குகிறவனுக்குத்தான் அதில் ஒரு விலை இருக்கிறது. முக்கிய சாட்சிகள் பிறழ்ந்து போனதால் கிடைத்த விடுதலையைத் துறை கௌரவமான விடுதலையாக எடுத்துக்கொள்ளாது, கோர்ட்டும் பெரும்பாலும் எடுத்துக்கொள்வதில்லை.

இதற்கு நம் தென்மாவட்ட வழக்கு ஒன்றே உண்டு. தென்காசி பேருந்து நிலையத்தில் 1999-இல் நடந்த ஒரு சம்பவத்தில் சிக்கிய காவலர், வழக்கில் விடுதலையாகி வேலையைத் திரும்பக் கேட்டார். 2012 நவம்பரில் உச்ச நீதிமன்றம், அரசு தரப்பு சாட்சியங்களை முழுமையாக ஆராய்ந்த பிறகு, குற்றச்சாட்டை நிரூபிக்க அரசு தரப்பு முற்றிலும் தவறிவிட்டது என்று முடிவு செய்து விடுவித்தால்தான் கௌரவமான விடுதலை என்று சொல்லலாம், சாட்சிகள் பிறழ்ந்து போய் வந்த விடுதலை அப்படி ஆகாது என்று அவர் கோரிக்கையை மறுத்தது. பெண்களைப் பொது இடத்தில் சீண்டுவதைத் தடுக்க மாநிலங்களுக்குக் கட்டளை போட்டதும் அதே தீர்ப்புதான், அதனால் இன்னொரு காரணத்துக்காகவும் அது பிரபலம்.

மச்சினன் ரொம்ப ஆசையோடு மனு போட்டான். வந்த பதில்: ‘தற்காலிகப் பணிநீக்கக் காலம் தகுதியுள்ள விடுப்பாக வரன்முறைப்படுத்தப்படுகிறது.’ அதாவது கணக்கில் இருந்த ஈட்டிய விடுப்பு முதலில் கழியும், அப்புறம் சொந்தக் காரணத்துக்கான ஈட்டா விடுப்பு, மிச்சம் சம்பளமில்லா விடுப்பு. ‘என்ன மச்சான், நானா லீவு கேட்டேன்?’ என்றான். கேள்வி நியாயம்தான். ஆனால் அவன் மாதிரி வழக்குகளில் உச்ச நீதிமன்றம் ரொம்ப நாளாக ஒரே மாதிரிதான் பேசுகிறது. 1996-இல் குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் கொலை வழக்கில் விடுதலையாகி வந்து பின்சம்பளம் கேட்டார். குற்ற வழக்கில் சிக்கியதால் வேலைக்கு வர முடியாமல் போனது அவரால், நிர்வாகத்தால் இல்லை, எனவே கிடையாது என்றார்கள். 2003-இல் ஜெய்பால் சிங் வழக்கிலும் அதேதான். ஆனால் அந்தத் தீர்ப்பில் இரண்டு விஷயம் உண்டு. வழக்கைத் தொடுத்ததே துறையாக இருந்தால் நிலைமை வேறாக இருக்கலாம் என்று ஒரு வரி. அது எனக்கு உதவியது. இன்னொன்று மச்சினனுக்கு உதவியது, அதைப் பின்னால் சொல்கிறேன்.

என் விஷயத்துக்கு வருகிறேன். எல்லாவற்றுக்கும் சாவி அடிப்படை விதி 54-பி. சஸ்பெண்ட் ஆனவர் வேலைக்குத் திரும்பும்போது அதிகாரி இரண்டு விஷயத்துக்குத் தனித்தனியாக ஆணை போட்டே தீர வேண்டும். அந்தக் காலத்துக்கு என்ன சம்பளம், அந்தக் காலம் பணிக்காலமா இல்லையா. சஸ்பெண்ட் செய்தது ‘முற்றிலும் நியாயமற்றது’ என்று அதிகாரி கருதினால் முழுச் சம்பளம், முழுப் பணிக்காலம். அப்படிக் கருதவில்லை என்றால் ஒரு பகுதிதான். அந்தப் பகுதி எவ்வளவு என்று உத்தேசித்திருக்கிறோம் என்று முன்கூட்டியே அறிவிப்பு கொடுத்து, நம் பதிலைக் கேட்டு, அதைப் பரிசீலித்த பிறகுதான் முடிவு செய்ய முடியும். பதில் சொல்ல அதிகபட்சம் 60 நாள். வேலை பார்க்காதவருக்குச் சம்பளம் இல்லை என்பது பொது விதி, சஸ்பெண்ட் முற்றிலும் நியாயமற்றது என்ற கருத்துக்கு அதிகாரி வந்தால்தான் விலக்கு என்று 2011-இல் ஹைதராபாத் மாநகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. ஆக, நம் மனுவில் ‘நான் விடுதலையாகிவிட்டேன், சம்பளம் கொடுங்கள்’ என்று எழுதினால் போதாது. ‘என்னை சஸ்பெண்ட் செய்ததே முற்றிலும் நியாயமற்றது’ என்று, ஏன் என்ற காரணத்தோடு எழுத வேண்டும். பத்தில் ஒன்பது மனுக்களில் இந்த வரி இருப்பதில்லை என்று என் அனுபவத்தில் சொல்வேன்.

தீர்ப்பின் சான்றிட்ட நகலுக்கு அன்றே விண்ணப்பித்தேன். நகல் வந்ததும் மனு. அரசு மேல்முறையீடு செய்யக் காலம் இருக்கிறது, பொறுங்கள் என்றார்கள். விடுதலையை எதிர்த்து அரசு மேல்முறையீடு செய்ய 90 நாள் அவகாசம் உண்டுதான், அது கழிந்தது. மேல்முறையீடு எதுவும் நிலுவையில் இல்லை என்று வக்கீலிடம் எழுதி வாங்கி மறுபடி கொடுத்தேன். 17(பி)-ஐக் கைவிட்டார்கள். அப்புறம் வந்தது அறிவிப்பு, இந்தக் காலத்தை ஏன் தகுதியுள்ள விடுப்பாகக் கருதக் கூடாது என்று. காரணமாகக் காட்டியது அந்தக் கடைசி வரி, சந்தேகத்தின் பலன்.

என் பதிலில் தீர்ப்பின் நடுப் பத்தியை அப்படியே எடுத்தெழுதினேன். கூடவே 2023 டிசம்பரில் ராஜஸ்தான் காவலர் ராம் லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் சேர்த்தேன். ‘சந்தேகத்தின் பலன்’, ‘கௌரவமான விடுதலை’ என்பவை மந்திரச் சொற்கள் இல்லை, தீர்ப்பின் சாரத்தைப் பார்க்க வேண்டும் என்கிறது அந்தத் தீர்ப்பு. அவருக்கே அதில் 50 சதவீதம் பின்சம்பளம்தான் கிடைத்தது என்பதையும் கவனியுங்கள். முழுசும் கிடைத்தே தீரும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். புகார் கொடுத்ததே அலுவலகம்தான், கோப்பிலேயே கிடந்த சீட்டுகளைப் பார்க்காமல் கொடுத்த புகார், எனவே நான் வேலைக்கு வர முடியாமல் போனதற்குக் காரணம் நான் இல்லை என்று கடைசியில் எழுதினேன். அவர்கள் எதையும் பரிசீலிக்கவில்லை. ‘பதில் ஏற்கத்தக்கதாக இல்லை’ என்று ஒரே வரி.

அப்புறம் மதுரைக் கிளை. மாநில அரசு ஊழியர்களுக்கு இப்போது தனித் தீர்ப்பாயம் இல்லை, நேராக உயர் நீதிமன்றம்தான். எங்கள் மாவட்டத்துக்கு மதுரை. ராமேஸ்வரத்திலிருந்து காலையில் வரும் ரயிலில் உச்சிப்புளி, ராமநாதபுரம் என்று ஒவ்வொரு நிலையத்திலும் கேஸ் கட்டோடு ஏறுகிறவர்களைப் பார்க்கலாம். கொஞ்ச நாளில் முகம் பழகிவிடும். மனு போட்டுப் பதிலே வராதவர்கள் ‘என் மனுவைப் பரிசீலித்து ஆணையிடச் சொல்லுங்கள்’ என்று ரிட் போடலாம், அது சீக்கிரம் முடியும். ஆனால் அதில் கிடைப்பது பரிசீலிக்கும் உத்தரவு மட்டுமே, பணம் இல்லை. நான் நேராக மறுப்பு ஆணையை எதிர்த்துப் போட்டேன். அந்த ஆணையில் காரணம் எதுவும் இல்லை என்று கோர்ட்டு ரத்து செய்து, தீர்ப்பின் உள்ளடக்கத்தைப் பார்த்துக் குறித்த காலத்துக்குள் புதிதாக முடிவெடுக்கச் சொன்னது. அந்தக் காலம் தாண்டியதும் அவமதிப்பு நோட்டீஸ் அனுப்பினோம். அவமதிப்பு மனு போட ஒரு வருடம்தான் அவகாசம், அதை மறந்து ‘எப்படியும் செய்வார்கள்’ என்று காத்திருக்கக் கூடாது. நோட்டீஸ் போன பிறகு கோப்பு தானே நடந்தது. சஸ்பெண்ட் காலம் முழுதும் பணிக்காலம், முழுச் சம்பளம், பிழைப்பூதியமாக வாங்கியதைக் கழித்து மீதி. வட்டி கிடையாது.

ஆணை வந்ததும் வேலை முடிந்தது என்று நினைக்காதீர்கள். பட்டியல் போடுகிற உதவியாளர் முழுச் சம்பளத்தில் பிழைப்பூதியத்தைக் கழித்துவிட்டு அனுப்பிவிடுவார். விட்டுப்போகிறவை வேறு. சஸ்பெண்ட் காலத்தில் ஆண்டு ஊதிய உயர்வு போட்டிருக்க மாட்டார்கள். அது பணிக்காலம் ஆகிவிட்டால் அந்த உயர்வும் சேரும், சேர்ந்தால் வேலைக்குத் திரும்பிய பிறகு வாங்கிய ஒவ்வொரு மாதச் சம்பளமும் குறைவாக வாங்கியதாக ஆகும். அந்த வித்தியாசமும் பாக்கிதான். என் காலத்தில் நடுவில் ஊதியத் திருத்தம் வேறு வந்தது, 2016 ஜனவரி 1 முதல் கருத்தியலாக (கணக்குக்கு மட்டும்), 2017 அக்டோபர் 1 முதல் பணப்பலனோடு. என் பிழைப்பூதியம் பழைய சம்பளத்தின் மேலேயே ஓடியிருந்தது. ஊதியத்தை முதலிலிருந்து நிர்ணயம் செய்து, ஆண்டுவாரியாக ஒரு அட்டவணை நானே போட்டுக் கொடுத்தேன். ஈட்டிய விடுப்பும் அந்தக் காலத்துக்குக் கணக்கில் ஏற வேண்டும். பதவி உயர்வுப் பட்டியலில் வழக்கு நிலுவை என்று தாண்டிப் போயிருந்தால், இளையவர் உயர்வு பெற்ற நாளிலிருந்து கேட்க வேண்டும். ஜானகிராமன் வழக்கு, 1991. முற்றிலும் குற்றமற்றவர் என்று ஆனவருக்குப் பதவி உயர்வை அந்த நாளிலிருந்தே கொடுக்க வேண்டும் என்கிறது, ஆனால் அந்தக் காலத்துக்கான சம்பளம் எவ்வளவு என்பதை வழக்கின் தன்மையைப் பார்த்து அதிகாரி முடிவு செய்யலாம் என்றும் இடம் விட்டிருக்கிறது. எல்லாம் முடிந்த பின் பணிப்பதிவேட்டை எடுக்கச் சொல்லி, ‘பணிக்காலம்’ என்று பதிவு ஏறியிருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள். ஆணை கோப்பில் இருக்கும், பதிவேட்டில் இருக்காது. ஓய்வூதியத்துக்குப் பதிவேடுதான் பேசும்.

மச்சினனுக்கு உதவிய விஷயம் என்றேனே, அது இதுதான். ஜெய்பால் சிங் தீர்ப்பில் பின்சம்பளம் இல்லை என்று சொன்ன அதே பத்தியில், விடுதலையான நாளிலிருந்து சம்பளம் உண்டு என்றும், இடைப்பட்ட காலம் முறிவில்லாத பணியாகக் கணக்கில் வரும் என்றும் சொல்லியிருக்கிறது. மச்சினன் விடுதலையாகிப் பல மாதம் கழித்துத்தான் வேலைக்குச் சேர்த்தார்கள். விடுதலைக்குப் பிறகும் அவனை வெளியே வைத்திருந்தது அவன் செயல் இல்லை, அலுவலகத்தின் தாமதம். அந்த மாதங்களுக்கு முழுச் சம்பளம் கேட்டு, தீர்ப்பு நகல் கொடுத்த தேதியின் ஒப்புகைச் சீட்டோடு மனு போட்டோம், கிடைத்தது. மீதிக் காலத்தைச் சம்பளம் இல்லாவிட்டாலும் ஓய்வூதியத்துக்கான பணிக்காலமாக எடுக்கச் சொல்லிக் கேட்டிருக்கிறோம், கோப்பு இன்னும் நடக்கிறது. தீர்ப்பு வந்த அன்றே நகல் வாங்கி, மறுநாளே நேரில் போய்க் கொடுத்து முத்திரை வாங்குவது எதற்கு என்று இப்போது புரிந்திருக்கும்.

லஞ்ச வழக்குகளில் பொறியில் சிக்கி விடுதலையானவர்கள் சிலர் என்னிடம் கேட்பதுண்டு. வழக்கு தொடர அனுமதி கொடுத்த ஆணையில் குறை என்று விடுதலையானால் அது கஷ்டம், குற்றம் நடந்ததா என்பதையே கோர்ட்டு பேசாமல் விட்டிருக்கும். கேட்டதும் வாங்கியதும் நிரூபிக்கப்படவில்லை என்று சாட்சியத்தை அலசி விடுவித்திருந்தால் தைரியமாகக் கேட்கலாம்.

பாக்கி மொத்தமாக வருகிற வருடத்தில் வருமான வரி பெரிதாகப் பிடிப்பார்கள். பல வருடத்துச் சம்பளம் ஒரே வருடத்தில் வந்ததற்கு நிவாரணம் உண்டு. எனக்கு அது 89-ஆம் பிரிவு, 10-இ படிவம். கணக்குத் தாக்கல் செய்வதற்கு முன்பே அந்தப் படிவத்தை இணையத்தில் கொடுத்துவிட வேண்டும், பிறகு கொடுத்தால் நிவாரணத்தை மறுத்து நோட்டீஸ் வரும். ஆண்டுவாரியாகப் போட்ட அட்டவணை இங்கேயும் கைகொடுத்தது.

புகார் கொடுத்தவர்கள் மேல் நஷ்டஈடு வழக்குப் போடலாமே என்று உறவுக்காரர்கள் கேட்டார்கள். போடலாம். விடுதலையான நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட வேண்டும், தெரிந்தே கெட்ட எண்ணத்தோடு வழக்குப் போட்டார்கள் என்று நாம்தான் நிரூபிக்க வேண்டும். சீட்டைப் பார்க்காமல் புகார் எழுதியது அசட்டை, கெட்ட எண்ணம் என்று என்னால் சொல்ல முடியாது. பாக்கி வந்ததும் கூட்டுறவு வங்கிக்குப் போய் நகையை மீட்டுவிட்டு வந்தேன், அந்த வழக்கை நான் போடவில்லை.